கடலுக்குப் போன சனிக்கிழமை

மார்ச் 4, செவ்வாய்

அண்ணன் வந்திருந்தான். அறக்கட்டளைத் தலைவரான பிறகு நான் பார்த்துக்கொள்ளும் இந்தப் பார்வையற்ற பெண்கள் விடுதிக்குள் அவன் உட்கார்ந்து காப்பி குடித்தது இன்றுதான்.

"சனிக்கிழமை எல்லாரையும் கடலுக்குக் கூட்டிட்டுப் போ. பஸ் என் செலவு. ஒருத்தர் விடாம போகணும்."

கஞ்ச மகாபிரபு என்று இத்தனை நாள் அவனைத் திட்டியதையெல்லாம் வாபஸ் வாங்கிக்கொண்டேன். பெண்கள் போட்ட கூச்சலில் கூரை பறந்திருக்கும். 'வாத்தியார்' மட்டும் (எல்லோரையும் திருத்திக்கொண்டே இருப்பதால் அவளுக்கு அந்தப் பெயர்) "உங்க அண்ணனுக்கு உடம்பு சரியில்லையாக்கா?" என்றாள்.

மார்ச் 8, சனி

முழங்கால் தண்ணீரில் பன்னிரண்டு பேரும் கைகோத்து நின்றார்கள். "கடல் இவ்ளோ சத்தம் போடும்னு சொல்லவே இல்லையே!" என்று ஒருத்தி என்னிடம் கோபித்துக்கொண்டாள். பார்வை இருக்கிற நான்தான் அலையில் விழுந்தேன். வயிறு வலிக்கச் சிரித்தோம்.

பொழுது சாயும்போது திரும்பினோம். வீட்டுக்குள் வாத்தியார் கோல் இல்லாமல் நடப்பவள். நேராகத் தன் கட்டிலுக்குப் போனவள், இரும்பு விளிம்பில் முட்டியை இடித்துக்கொண்டாள்.

"யாரு என் கட்டிலை நகர்த்தினது?"

என் கண்ணுக்குக் கட்டில் இருந்த இடத்தில்தான் இருந்தது. "என்னோடதும் நகர்ந்திருக்கு" என்றாள் இன்னொருத்தி. பிறகு மற்றொருத்தி. ஒவ்வொருத்தியும் கையால் துழாவிக்கொண்டு, சொந்த வீட்டில் வழி தெரியாமல் நின்றார்கள். காலையில் கொடியில் காயப்போட்ட துணியெல்லாம் மூலையில் ஒரே மூட்டையாகக் கிடந்தது.

காவல்காரரைக் கேட்டேன். தரையையே பார்த்தார்.

மார்ச் 9, ஞாயிறு

காலையில் காவல்காரர் தானாகவே வந்து சொன்னார். "கட்டிலெல்லாம் பின்னாடி ஷெட்டுல போடச் சொன்னாரு, உங்க அண்ணன் ஐயா. கோர்ட்டுலேருந்து ஒரு வக்கீலம்மா வந்து ரூம் ரூமா போட்டோ எடுத்தாங்க. அவங்க போனதும் திருப்பி எடுத்து வெச்சோம்."

அண்ணன் வீட்டுக்கு ஓடினேன். அவன் எதையும் மறைக்கவே இல்லை. பார்வையற்ற பெண்கள் வாழ்வதற்கென்று எழுதிக் கொடுக்கப்பட்ட வீடு. நீதிமன்ற அனுமதி இல்லாமல் விற்க முடியாதாம். அங்கே யாராவது இருக்கிறார்களா என்று பார்த்துவரத்தான் அந்த வக்கீலம்மாவை அனுப்பியிருக்கிறார்கள்.

"ஆளில்லைன்னு அறிக்கை வந்தா அனுமதி கிடைச்சிடும். அடுக்குமாடி கட்ட ஆள் ரெடி. இவங்களுக்கு ஊருக்கு வெளியில புதுசா கட்டித் தரேன்மா."

"எங்கே?"

"பாக்கணும்."

இடிந்துபோய் உட்கார்ந்துவிட்டேன். அண்ணி கொடுத்த தண்ணீரை அப்படியே கீழே வைத்துவிட்டேன்.

அடப்பாவி. கூடப் பிறந்தவன்! நான்தானே ஒவ்வொருத்தியாகக் கைபிடித்து பஸ்ஸில் ஏத்தினேன்? ஒருத்தர் விடாம இருக்காங்களான்னு எண்ணி வேற பார்த்தேனே —

மார்ச் 10, திங்கள்

அவர்களிடம் சொல்லிவிட்டேன். யாரும் அழவில்லை. அழுதிருந்தால் தேவலை.

"உங்களுக்கு முன்னாடியே தெரியுமாக்கா?" என்றாள் வாத்தியார்.

"இல்லை."

என் முகத்தைப் பார்க்க முடியாதவர்களிடம் கொடுக்க எனக்கு அந்த ஒரு சொல்தான் இருந்தது. அதை வாங்கிக்கொண்டார்களா என்று தெரியவில்லை.

மார்ச் 11, செவ்வாய்

வக்கீலம்மாவின் அலுவலகத்தைத் தேடிப் பிடித்தேன். "காலி வீடுன்னு நேத்துதானே எழுதிக் கொடுத்தேன்!" என்று தலையில் கை வைத்துக்கொண்டார். பிறகு, "உங்க அண்ணன்கிறீங்க. கோர்ட்ல வந்து சொல்லுவீங்களா?"

"சொல்றேன்" என்றேன். என் குரல்தானா அது?

மார்ச் 12, புதன்

அண்ணி போன் செய்துகொண்டே இருந்தாள். எடுக்கவில்லை.

மார்ச் 21, வெள்ளி

எல்லோரும் நீதிமன்றம் போனோம். நான் நடந்ததைச் சொன்னேன். உடனே அண்ணனின் வக்கீல் எழுந்து, "இவங்க யாரும் அங்க குடியிருக்கிறவங்க இல்ல, இன்னைக்காகக் கூட்டிட்டு வந்த ஆளுங்க" என்றார். அண்ணன் பக்கத்திலேயே நிற்கிறான், மறுக்கவில்லை! போன பொங்கலோ தீபாவளியோ இல்லை, இந்த மாசம்தானே இவர்கள் பின்னிய பிரம்பு நாற்காலியில் உட்கார்ந்து காப்பி குடித்தான்?

மதியம், யாருக்கும் முன்கூட்டிச் சொல்லாமல், வக்கீலம்மாவோடு நீதிபதியே விடுதிக்கு வந்துவிட்டார். வாத்தியார் கோலைத் தொடாமல் முன்னால் நடந்து வீட்டைச் சுற்றிக் காட்டினாள். "படி இருக்கு, பார்த்து வாங்க" என்று அவருக்கே எச்சரிக்கை வேறு.

ஏப்ரல் 2, புதன்

விற்க அனுமதி இல்லை. அண்ணனை நீக்கிவிட்டு வேறொருவரை நிர்வாகியாகப் போட்டிருக்கிறார்கள்.

நீதிமன்ற வாசலில் அண்ணன் என்னைத் தாண்டிப் போனான். யாரோ ஒருத்தியைத் தாண்டிப் போவதுபோல் போனான். வீடு தப்பித்தது.

ஜூன் 14, சனி

புது நிர்வாகி நல்ல மனிதர். கடலுக்குப் போக அவரே பஸ் பிடித்துக்கொண்டு வந்து வாசலில் நிறுத்தினார். ஆறு பேர் ஏறினார்கள். மற்றவர்கள் நாற்காலி பின்ன உட்கார்ந்துவிட்டார்கள்.

"என்னம்மா, நீங்கல்லாம் வரலையா?"

"இன்னைக்கு அவங்க சார். அடுத்த வாரம் நாங்க" என்றாள் வாத்தியார். "வீட்ல ஆள் இருக்கணும்ல."

அவர் முகம் வாடிவிட்டது. பாவம், அவர் என்ன செய்வார். நான் பஸ்ஸின் படியில் ஒரு காலும் தரையில் ஒரு காலுமாக நின்றேன்.

"அக்கா, நீங்க எங்களோட இருங்க" என்றாள் வாத்தியார்.

நம்பிச் சொன்னாளா, நம்பாமல் சொன்னாளா? கேட்கவில்லை. இறங்கிப் போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். பஸ் கிளம்பிப் போயிற்று.