நாத்தனார் முடிச்சு

செஞ்சி
12-4-1966

அன்புள்ள தம்பி வேலுவுக்கு,

உன் கடிதம் மத்தியானத் தபாலில் வந்தது. வள்ளிக்கு மாப்பிள்ளை அமைந்த சேதியைப் படித்துவிட்டு வகுப்புக்குத் திரும்பினேன். "டீச்சர் இன்னிக்கு சிரிக்கிறாங்கடி" என்று முன்வரிசைப் பெண்கள் ஒருத்தியை ஒருத்தி கிள்ளிக்கொண்டார்கள். அவர்களுக்கு அது அபூர்வமான காட்சி.

உன் மாமாவிடம் சொன்னேன். "ஜவுளிக்கடைப் பொண்ணு ஜவுளிக்கடைக்கே போவுது. ரெண்டு கடையும் சேர்ந்து எனக்கு ஒரு வேட்டி எடுத்துக் குடுத்தா சரி" என்கிறார். வீட்டோடு மாப்பிள்ளையாக இங்கே வந்து இத்தனை வருஷமாகியும் நம் கடையில் தமக்கென்று ஒரு துண்டுகூட எடுத்துக்கொள்ளாதவர் பேசுகிற பேச்சு இது.

ஒரு விஷயத்தை இப்போதே சொல்லிவிடுகிறேன். நம் வீட்டில் எந்தக் கல்யாணமானாலும், கூறைப்புடவைக்கு முன்னால் எடுக்கிற முதல் புடவை மீனம்பாள் வீட்டுக்கு. சின்ன வயதிலேயே சென்னைக்குப் போய்விட்ட உனக்கு இது மறந்திருக்கும். தாம்பாளத்தில் புடவை, வெற்றிலை பாக்கு, மேலே நம் வீட்டு வெள்ளிப் பாலாடை. மலையடிச் சேரியிலிருந்து மீனம்பாள் நம் கொல்லைக் கதவுக்கு வருவாள். புடவையை எடுத்துக்கொண்டு பாலாடையைத் தட்டிலேயே வைத்துவிட்டுப் போவாள். என் கல்யாணத்தில் அவள் மாமியார் வந்தார். உன் கல்யாணத்திலிருந்து இவள். கோட்டைச் சண்டையில் ஊர் எரிந்தபோது அவர்கள் வீட்டார் நம் கடைக்குக் காவல் இருந்தார்கள், அதற்கான மரியாதை என்று நைனா சொல்லுவார்.

நல்ல சிவப்பில் ஒரு நூல்புடவை அனுப்பு. கரை அகலமாக இருக்கட்டும்.

உன் அக்கா,
ஞானம்பாள்

*

சென்னை
2-5-1966

அன்புள்ள அக்காவுக்கு வேலு எழுதியது.

கல்யாணம் ஆவணியில், இங்கேதான். அரிசிக்கு அலைவதிலேயே பாதி உயிர் போய்விடும் போலிருக்கிறது. வள்ளி உனக்குத் தனியாக எழுதுவதாகச் சொல்கிறாள். அதை நம்பித் தபால்காரருக்காகக் காத்திருக்காதே.

புடவை அனுப்பியிருக்கிறேன். ஆனால் அக்கா, அதைத் தாம்பாளம், வெற்றிலை பாக்கு என்று விரிக்க வேண்டாம். சம்பந்தி ஆசாரம் பார்க்கிறவர். பெண் பார்க்க வந்த அன்று சமையல்காரர் எந்த ஊர், என்ன ஆட்கள் என்று விசாரித்துவிட்டுத்தான் இலையில் உட்கார்ந்தார். சேரிக்கும் நம் வீட்டுக்கும் கல்யாண முறை ஒன்று இருக்கிறது என்று அவர் காதில் விழுந்தால் என்ன நினைப்பார்? கடைப் பையன்கள் யாரிடமாவது கொடுத்துச் சத்தமில்லாமல் சேர்த்துவிடு. கொடுத்ததும் ஆயிற்று, பழக்கம் விட்டதாகவும் இருக்காது.

மாமாவுக்கு வேட்டி தனியாக எடுத்து வைத்திருக்கிறேன். துண்டும்.

உன் தம்பி,
சிங்காரவேலு

*

செஞ்சி
19-6-1966

அன்புள்ள வேலுவுக்கு,

நீ சொன்னபடி பச்சமுத்துவிடம் புடவையைக் கொடுத்து அனுப்பினேன். போன வேகத்திலேயே கொண்டுவந்துவிட்டான். "அவங்க வேணாம்னுட்டாங்க. மோரு குடுத்தாங்க, குடிச்சிட்டு வந்துட்டேன்" என்றான்.

நானே போனேன். மீனம்பாளின் மகன் தங்கராசுவை உனக்குத் தெரியாது. ஆசிரியர் பயிற்சி முடித்து, மேல்மலையனூர்ப் பக்கம் ஆரம்பப் பள்ளியில் வேலை பார்க்கிறான். எனக்கு நாற்காலி போட்டுவிட்டு நின்றபடியே பேசினான்.

"எங்கம்மாவுக்குப் புடவை நான் எடுத்துத் தர்றேன் டீச்சர். உங்களுது வேணாம்."

"இது காலங்காலமா இருக்கிற பழக்கம்பா" என்றேன்.

"கொல்லையிலே நிக்க வெச்சுக் குடுக்கிறதும் பழக்கமா? இந்தத் தடவை அதுவும் இல்லே, கடைப் பையன் கையிலே வருது. அடுத்த தடவை தபால்லே அனுப்புவீங்களா?"

"டேய், வாத்தியாரு! பாடத்தை ஸ்கூல்லே நடத்து" என்று உள்ளேயிருந்து மீனம்பாள் குரல் கொடுத்தாள். பிறகு என் எதிரில் வந்து உட்கார்ந்தாள். "தப்பா எடுத்துக்காத ஞானம்மா. பால் குடுத்தவ வீட்டுக்கு இப்படி வரலாமான்னு அவனுக்குக் கோவம்."

யார் பால் கொடுத்தது என்று கேட்டேன். அவள் என்னை வேடிக்கையாகப் பார்த்தாள். "இன்னா, உங்க வூட்டிலே சொல்லலையா?"

அவர்கள் வீட்டில் சொல்லிவருவது இது. ஊர் எரிந்தபோது நம் வீட்டார் ஓடிவிட்டார்கள். பிரசவித்த தாய் வழியிலேயே இறந்துபோனாள். ஆண் குழந்தை இவர்கள் கையில் தங்கியது. அப்போது கைக்குழந்தை வைத்திருந்த இவர்கள் வீட்டுப் பெண் இரண்டுக்கும் பால் கொடுத்து வளர்த்தாள். குழந்தை நடக்கத் தொடங்கிய பிறகுதான் தகப்பன் திரும்பி வந்து வாங்கிக்கொண்டு போனார். அந்தக் குழந்தையின் வம்சம்தான் நாம். புடவை தாய்க்குச் செய்கிற முறை. காவல் கூலி அல்ல.

வேலு, நான் சரித்திரம் படித்தவள். இரண்டு வீட்டுக் கதையில் எது உண்மை என்று நிரூபிக்க என்னிடம் எதுவும் இல்லை. ஆனால் வீடு வந்ததும் பாலாடையை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கடையைக் காத்தவனுக்குச் செய்கிற மரியாதையில் குழந்தைக்குப் பால் புகட்டுகிற சாமான் எதற்கு வருகிறது? நம்மில் ஒருவரும் கேட்கவில்லை. தட்டில் வைக்க மட்டும் ஒரு தலைமுறையும் தவறவில்லை.

தங்கராசு கடைசியாக ஒன்று சொன்னான். "புடவையே வேணாம் டீச்சர். கல்யாணத்திலே நாலு பேர் முன்னாடி இந்தக் கதையைச் சொல்லுங்க. அது போதும்."

சொல்கிறேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டேன்.

உன் அக்கா,
ஞானம்பாள்

*

சென்னை
27-6-1966

அக்காவுக்கு,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு இரண்டு நாள் கடையில் யாரிடமும் சரியாகப் பேசவில்லை.

நீ யாரைக் கேட்டு வாக்குக் கொடுத்தாய்? அது உன் கதை மட்டுமா? சம்பந்தி முன்னால் நின்றுகொண்டு, நாங்கள் சேரிப் பால் குடித்து வளர்ந்த வம்சம் என்று சொல்லப்போகிறாயா? நீ சொல்லிவிட்டு மறுநாள் பஸ் ஏறிவிடுவாய். அந்த வீட்டில் காலமெல்லாம் குடித்தனம் செய்யப்போவது வள்ளி. அவள் அடுப்படிக்குள் போகும்போதெல்லாம் அவர்கள் இதைச் சொல்லிக் காட்டுவார்கள். புத்தகத்தில் படிப்பது போலில்லை அக்கா, அது தினப்படி வாழ்க்கை.

எனக்கு மட்டும் நன்றி இல்லையா? அந்தப் பையனுக்கு என்ன உதவி வேண்டுமோ கேட்கச் சொல், செய்கிறேன். மண்டபத்தில் மட்டும் இந்தப் பேச்சு வரக்கூடாது. பேசாமல் இருக்க முடியுமென்றால் ஒரு வாரம் முன்னாலேயே வந்து நீதான் எல்லாவற்றையும் முன்னின்று நடத்த வேண்டும். முடியாதென்றால் நீயே யோசித்துக்கொள்.

சிங்காரவேலு

*

செஞ்சி
24-8-1966

அன்புள்ள வேலுவுக்கு,

யோசித்தேன். நான் வரவில்லை.

வள்ளியைப் பற்றி நீ எழுதியது சரிதான். அவள் தலையில் போய் விடியும் என்பதை நான் நினைத்துப் பார்க்கவில்லை. அவளுக்காக, மண்டபத்தில் பேசக்கூடாது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கொடுத்த வாக்கை விழுங்கிவிட்டு, முன்வரிசையில் உட்கார்ந்து வருகிறவர்களுக்குச் சந்தனம் கொடுத்துக்கொண்டிருக்கவும் என்னால் முடியாது. பேசாமல் இருப்பது எனக்குப் பழக்கம்தான். வந்து உட்கார்ந்துகொண்டு பேசாமல் இருப்பது வேறு.

மீனம்பாளிடம் போய், என்னால் சொல்ல முடியவில்லை என்று சொன்னேன். அவள் "பொண்ணு நல்லா இருக்கணும், அதான் பெரிசு" என்றாள். தங்கராசு வாசல் பக்கம் எழுந்து போய்விட்டான்.

உன் மாமா வருகிறார். "பொண்டாட்டி எங்கேன்னு கேட்டா இன்னா சொல்றது?" என்றார். உண்மையைச் சொல்லுங்கள் என்றேன். "அப்ப எனக்கும் சாப்பாடு கிடைக்காதே" என்கிறார். ஏதாவது சொல்லிச் சமாளிப்பார். வள்ளிக்கு என் வளையல்களை அவரிடம் கொடுத்தனுப்புகிறேன். முகூர்த்த நேரத்தில் இங்கே விளக்கேற்றிக் கும்பிட்டுக்கொள்வேன்.

அக்கா,
ஞானம்பாள்

*

சென்னை
9-9-1966

அன்புள்ள அக்காவுக்கு,

கல்யாணம் நல்லபடி முடிந்தது. மழை பெய்யவில்லை, அரிசிக்கும் தட்டுப்பாடு வரவில்லை. உனக்கு இரத்தக் கொதிப்பு, வைத்தியர் பஸ் ஏறக்கூடாது என்றுவிட்டார் என்று மாமா எல்லாரிடமும் சொன்னார். கேட்ட பெண்கள் எல்லாரும் முருங்கைக்கீரை சாப்பிடச் சொல்லியிருக்கிறார்கள்.

முகூர்த்தத்துக்கு முன்னால் சம்பந்தி என்னைக் கூப்பிட்டு, "உங்க வீட்டு வழக்கம் எதாவது இருந்தா செஞ்சிடுங்க, எங்களாலே விட்டுப்போச்சுன்னு இருக்கக்கூடாது" என்றார். நல்ல மனதோடுதான் கேட்டார். "அப்படி ஒண்ணுமில்லைங்க" என்றேன். மணையில் உட்கார்ந்திருந்த வள்ளி தலையைத் தூக்கி என்னைப் பார்த்தாள். நீ அவளுக்கு எழுதியிருக்கிறாய் என்று அப்போதுதான் தெரிந்தது.

கோபமாக எழுதவில்லை. நடந்ததை எழுதினேன். போட்டோ வந்ததும் அனுப்புகிறேன்.

வேலு

*

செஞ்சி
6-2-1967

அன்புள்ள வேலுவுக்கு,

போட்டோக்கள் வந்தன. வள்ளி அம்மா ஜாடையாக இருக்கிறாள். பதில் எழுத இத்தனை மாதம் தள்ளிப்போட்டேன். இப்போது எழுதாவிட்டால் நீ வேறு யார் மூலமாவது கேள்விப்படுவாய்.

நேற்று தங்கராசுக்குக் கல்யாணம். பெண் தொண்டூர். போன வாரம் மீனம்பாள் வெற்றிலை பாக்கோடு வந்தாள். வழக்கம்போலக் கொல்லைப்பக்கம் திரும்பியவளை உன் மாமா பார்த்துவிட்டு, "அம்மா, கல்யாணத்துக்கு அழைக்கிறவங்க வாசல் வழியா வரணும்" என்று கடை வழியாகவே உள்ளே கூட்டிவந்தார். கடையில் ஜனங்கள் இருந்தார்கள்.

நாற்காலியில் உட்காராமல் பாயில் உட்கார்ந்தாள். நானும் பாயில் உட்கார்ந்தேன். தங்கராசுக்குக் கூடப்பிறந்த பெண் யாருமில்லை. மாப்பிள்ளை முதல் முடிச்சுப் போட்ட பிறகு மற்ற முடிச்சுகளைப் போட நாத்தனார் வேண்டும்.

"பங்காளி வூட்டிலே ரெண்டு பொண்ணுங்க கீது. ஆனா இவன் உன்னையக் கேக்கச் சொல்றான்" என்றாள். "ஒரே பால் குடிச்ச வம்சம்னா நீ அவனுக்கு அக்காதானே. நான் சொன்னேன், அவங்க வருவாங்களாடான்னு. வராட்டா கோவமில்ல ஞானம்மா. கேட்டுட்டு வான்னான், வந்தேன்."

கதையை நம்புகிறேன் என்று உனக்கு எழுதுவது சுலபமாக இருந்தது. நம்பினால் அதன்படி நான் யார், எங்கே போய் நிற்க வேண்டும் என்பதை அவள் கேட்ட பிறகுதான் யோசித்தேன். "வர்றேன்" என்றேன்.

போனேன். பந்தலில் கொஞ்சம் சலசலப்பு. "கடைவீதி டீச்சரா? இவங்க இன்னா முறை?" என்று ஒரு கிழவர் கேட்டார். தங்கராசு மணையிலிருந்தபடியே, "எங்கக்கா" என்றான். "எந்த வழியிலேடா?" என்றார் அவர். அவன் என்னைப் பார்த்தான். நான் எழுந்து, கோட்டைச் சண்டையிலிருந்து தொடங்கி எல்லாவற்றையும் சொன்னேன். வகுப்பில் சொல்வது போலத்தான் சொன்னேன், வேறு விதமாகச் சொல்லத் தெரியவில்லை. மீனம்பாள் நடுவே இரண்டு இடத்தில் திருத்தினாள். பிறகு மேளம் கொட்டினார்கள். மணைக்குப் பின்னால் குனிந்து முடிச்சுப் போட்டேன். அவசர அவசரமாகத்தான் போட்டேன். மணப்பெண், "மெதுவாப் போடுங்க அண்ணி, அவுந்துறப் போவுது" என்று மெல்லச் சொன்னாள். அங்கேயே பந்தியில் சாப்பிட்டோம். உன் மாமா இரண்டு முறை பாயசம் கேட்டு வாங்கினார்.

இன்று காலை கடைக்கு எதிர்வரிசையில் இரண்டு பேர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். பள்ளிக்கூடத்தில் தலைமையாசிரியை ஒன்றும் கேட்கவில்லை, கேட்கப்போகிற முகம். தேர்தல் ஒலிபெருக்கிச் சத்தத்தில் கொஞ்ச நாள் எல்லாம் அமுங்கியிருக்கும். பிறகு வரும்.

உன்னிடம் நான் எதுவும் கேட்கவில்லை. இந்தச் சேதி சம்பந்தி காதுக்குப் போகும். வள்ளிக்குத் தொந்தரவு வந்தால், எனக்கு ஒரு அக்காவே இல்லை என்று நீ சொன்னாலும் நான் வருத்தப்பட மாட்டேன்.

உன் அக்கா,
ஞானம்பாள்

*

சென்னை
20-2-1967

அன்புள்ள அக்காவுக்கு வேலு எழுதியது.

சேதி உன் கடிதத்துக்கு அடுத்த நாளே வந்துவிட்டது. செஞ்சியிலிருந்து சரக்கு எடுக்க வந்தவர்கள் சம்பந்தி கடையிலேயே உட்கார்ந்து சொல்லியிருக்கிறார்கள்.

நேற்று அவர் எங்கள் வீட்டுக்கு வந்தார். வழக்கமாக உள்ளே வந்து ஊஞ்சலில் உட்காருகிறவர், செருப்பைக் கழற்றாமல் நடையிலேயே நின்றார்.

"சேரிக் கல்யாணத்திலே நாத்தனார் முடிச்சுப் போட்டது உங்க அக்காவா?"

என் வீட்டுக்காரி கதவுக்குப் பின்னாலிருந்து தலையை ஆட்டி ஜாடை காட்டிக்கொண்டிருந்தாள். யாரோ எங்கள் பேர் சொல்லிக்கொண்டு திரிகிற தூரத்துச் சொந்தம் என்று சொல்வதற்கு வாய்வரைக்கும் வந்தது.

"ஆமாங்க. என் கூடப்பிறந்த அக்கா. தங்கராசு எங்களுக்குத் தம்பி முறை" என்றேன்.

காபி கொண்டுவரச் சொன்னேன். வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனார். இன்று சாயங்காலம்வரை வள்ளியிடமிருந்து ஒரு தகவலும் இல்லை. நாளைக் காலை நான் அங்கே போகிறேன்.

வேலு