துவைக்கிற கல்

மார்ச் 4

கோர்ட்டில் என் மனு ஏற்கப்பட்டது. கமிஷனராக நியமிக்கப்பட்ட ஒரு வக்கீல் வந்து எல்லையை அளந்து அறிக்கை தருவாராம். மகளின் அறைக்கும் பக்கத்து வீட்டு வாட்ச் ரிப்பேர்க்காரர் எழுப்பிய சுவருக்கும் நடுவில் ஒரு சந்து. சுவர் இன்னும் ஒன்றரை அடி அந்தப் பக்கம் போகவேண்டும் என்பது என் கட்சி.

"அவர்தான் உக்காந்து பேசலாம்னாரே" என்றாள் மனைவி.

"உனக்குச் சட்டம் தெரியாது" என்றேன். ஏதோ எனக்குத் தெரிந்த மாதிரி. ஸ்கூல் வேன் ஓட்டுகிறவனுக்குத் தெரிந்த சட்டம் சிக்னல் வரைதான்.

மார்ச் 9

வாட்ச்காரர் கேட்டருகே வந்தார். "அளவெல்லாம் வேணாம் அண்ணே. ரெண்டு பக்கமும் இருக்கறபடி இருக்கட்டும்."

"என்ன, பயம் வந்துருச்சா?" என்றேன்.

வீட்டில் அவர் குரலில் நடித்துக் காட்டினேன். மனைவி சிரித்தாள். மகள் சிரிக்கவில்லை.

மார்ச் 22

கமிஷனர் வந்தார். சின்னப் பெண், பெரிய குடை. கூடவே சர்வேயர். பின்மூலையில் இருக்கவேண்டிய எல்லைக்கல்லைக் காணோம். எல்லோரும் புதரில் தேடினார்கள். அதிகம் தேடியவன் நான்.

கை கழுவக் குழாயடிக்குப் போன சர்வேயர் அங்கேயே உட்கார்ந்துவிட்டார். நாங்கள் துணி துவைக்கிற கல்லின் பக்கவாட்டில், சோப்புக் கறைக்கு அடியில், சர்வே கல்லில் வெட்டுகிற அம்புக்குறி.

"இது எங்கேயிருந்து வந்துச்சு?" என்றார் கமிஷனர்.

துண்டோடு வந்த மகள் சொன்னாள்: "என் ரூமுக்கு அஸ்திவாரம் தோண்டறப்போ கிடைச்சது மேடம். துவைக்க நல்லாருக்கும்னு அப்பாதான் ஒத்தையாளா தூக்கிட்டு வந்தாரு."

பெருமையாகத்தான் சொன்னாள்.

அதே நாள், சாயங்காலம்

மறந்துபோயிருந்தேன். இல்லை. பொய். கொத்தனார் அன்றைக்கே சொன்னார், "அளவுக்கல் மாதிரி இருக்கு, பாத்துக்குங்க" என்று. பதினொரு வருஷம் அதன் மேலேயே துணியை அடித்துத் துவைத்தால் எதுவும் மறந்துவிடும்.

மகளிடம் சொன்னது: "அந்த வாயாலதான் புருஷன் வீட்ல நிக்க முடியல. பக்கத்து வீட்டுக்காரங்க மேல அவ்ளோ பாசம்னா அந்த வீட்டுக்கே போ."

சொல்லிவிட்டேன். எழுதும்போது கை கூசுகிறது. சொல்லும்போது வாய் ஏன் கூசவில்லை?

ஏப்ரல் 17

அறிக்கை வந்தது. பத்தி ஏழு: "வாதியின் மகள் தையல் தொழில் செய்யும் அறை, பிரதிவாதியின் நிலத்தில் மூன்றடி இரண்டு அங்குலம் உள்ளே அமைந்துள்ளது. எல்லைக்கல், வாதியின் வீட்டில் துணி துவைக்கும் கல்லாகப் பயன்பாட்டில் உள்ளது."

பயன்பாட்டில் உள்ளது! என் வக்கீலே சிரித்துவிட்டார். "கமிஷனர் வேணும்னு கேட்டது நாமதான் சார். ஆட்சேபணை போடலாம். ஆனா கல்லு உங்க வீட்ல இருக்கே."

ஜூன் 2

வாட்ச்காரர் பதில் வழக்குப் போட்டுவிட்டார், அறையை இடிக்கச் சொல்லி. கடைக்கே போனேன். ஒற்றைக் கண்ணில் பூதக்கண்ணாடியோடு நிமிர்ந்தார்.

"இருக்கறபடி இருக்கட்டும்னு நீங்கதானே சொன்னீங்க?"

"சொன்னேன் அண்ணே. பயமான்னு கேட்டீங்களே."

மறுபடி குனிந்துகொண்டார்.

நவம்பர் 11

கோர்ட் உத்தரவுப்படி அறையை இடித்தார்கள். அரை நாள் வேலை. மகள் மெஷினைத் தானே தூக்கிக்கொண்டாள். பிடிக்கப் போனேன். "வேணாம்" என்றாள். மார்ச்சுக்குப் பிறகு என்னிடம் அவள் பேசிய முதல் வார்த்தை.

நவம்பர் 14

வாட்ச்காரர் மனைவி தங்கள் முன்னறையைத் தையலுக்கு ஒழித்துக் கொடுத்தாள். மகள் போய்விட்டாள், பெட்டியோடு. நான் சொன்ன இடத்துக்குத்தான்.

டிசம்பர் 3

கல் அதன் இடத்தில் நிற்கிறது. மனைவி துணியைத் தரையில் போட்டுத் துவைக்கிறாள். சுவருக்கு அந்தப் பக்கம் மெஷின் ஓடுகிற சத்தம்.

என் காக்கிச் சட்டை தோளில் கிழிந்திருந்தது. மனைவி அங்கே கொண்டுபோய்த் தைத்து வாங்கி வந்தாள். நல்ல தையல், கிழிசல் எங்கே இருந்ததென்றே தெரியவில்லை. துணி மாறிவிடாமலிருக்க வாடிக்கைக்காரர் பெயரைச் சீட்டில் எழுதிக் குத்திவிடுவது மகளின் பழக்கம். என் காலரிலும் ஒரு சீட்டு. அவள் கையெழுத்தேதான்.

"பக்கத்து வீடு."