வாய்தா நாள் பெஞ்சு

ஜனவரி 9

வாயாடியின் அப்பாவுக்கு,

நலமா? நானும் மகளும் நலம். வக்கீல்கள் வழியே பேசியே ஐந்து வருடம் ஓடிவிட்டது. அதனால்தான் நேரே எழுதுகிறேன். குடும்ப நீதிமன்றத்தில் நமக்கு இதுவரை முப்பத்தெட்டு வாய்தா. ஒவ்வொன்றுக்கும் ஆஸ்பத்திரியில் ஷிஃப்ட் மாற்றித் தரச் சொல்லிக் கெஞ்சுகிறேன். உங்கள் வக்கீலுக்கு வருகிற காய்ச்சல் எங்கள் வார்டில் யாருக்கும் வந்ததில்லை.

சண்டையில்லாமல் பிரிகிறோம், சீக்கிரம் முடித்துக் கொடுங்கள் என்று இருவரும் சேர்ந்து மனுப் போட்டால் இரண்டே மாதமாம். மனுவை இத்துடன் வைத்திருக்கிறேன். கையெழுத்துப் போடுங்கள். என்னை அலைக்கழித்தது போதும்.

வாயாடியின் அம்மா

ஜனவரி 20

வாயாடியின் அம்மாவுக்கு,

அத்தனை கோபத்திலும் நலமா என்று கேட்டாயே, அதற்கே நன்றி.

காய்ச்சல் வக்கீலுக்கு இல்லை, எனக்குத்தான். “இன்னொரு வாய்தா வாங்கிடுங்க சார்” என்று ஒவ்வொரு முறையும் அவர் காலைப் பிடித்தது நான். உன்னை அலைக்கழிக்க இல்லை. வாய்தா நாளில், கோர்ட்டு வளாகத்தில் மட்டும்தான் மகளைப் பார்க்கலாம் என்பது உத்தரவு. கோர்ட்டு டவாலி நம் பெயரைச் சொல்லிக் கூப்பிடும்வரை தாழ்வாரத்து பெஞ்சில் அவள் என் பக்கத்தில் இருப்பாள். வழக்கு முடிந்தால் வாய்தா ஏது? பெஞ்சு ஏது? மூக்குக் கண்ணாடிக் கடையில் ஊருக்கெல்லாம் பார்வையைச் சரிசெய்கிற எனக்கு இதற்கு மேல் வழி தெரியவில்லை.

மனு மேசைமேல் இருக்கிறது. கையெழுத்துப் போட்டால் அவளை இழந்துவிடுவேனோ என்று பயமாக இருக்கிறது.

வாயாடியின் அப்பா

ஜனவரி 29

அட மனுஷா,

ஒரு பெஞ்சுக்காகவா ஐந்து வருடம்? முதலில் நன்றாகத் திட்டி எழுதத்தான் உட்கார்ந்தேன். அழுகை வந்துவிட்டது. நீங்கள் வாயைத் திறந்து சொல்லியிருக்கலாம். நானும் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

பழைய மனுவைக் கிழித்துப் போடுங்கள். புதியதில் நானே ஒரு வரி சேர்க்கச் சொன்னேன்: சனியும் ஞாயிறும் மகள் அப்பா வீட்டில். அந்த பெஞ்சில் நீங்கள் சொல்லிக்கொடுத்த வகுத்தல்தான் அவளைக் கணக்கில் கரையேற்றியது. அதற்கு நான் நன்றி சொன்னதே இல்லை. இப்போது சொல்கிறேன்.

நமக்குள் ஒத்துவராது, அதில் மாற்றமில்லை. அவளுக்கு அப்பா நீங்கள், அதிலும் மாற்றமில்லை.

வாயாடியின் அம்மா

ஏப்ரல் 15

வாயாடியின் அம்மாவுக்கு,

நம் மனுவை முடித்துவைக்க நீதிபதிக்குக் கால் மணி நேரம்கூட ஆகவில்லை, பார்த்தாயா? வெளியே வந்ததும் உன் பிளாஸ்க் காப்பியில் எனக்கும் பாதி ஊற்றினாய். நாம் இருவரும் ஒரே விஷயத்துக்குச் சரி என்று சொன்னது கல்யாணத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான்.

சனிக்கிழமை மகள் வந்தாள். நாற்காலி நுனியில் உட்கார்ந்தாள். செருப்பைக் கழற்றவில்லை, பையை மடியிலேயே வைத்திருந்தாள். உன்னிடம் வாயாடுகிறவள் வாயே திறக்கவில்லை. ரொம்ப நேரம் கழித்து, “எப்பப்பா கூப்பிடுவாங்க?” என்று கேட்டாள்.

“இன்னைக்கு யாரும் கூப்பிட மாட்டாங்கம்மா” என்றேன்.

செருப்பைக் கழற்றினாள். பிறகு பையை இறக்கி வைத்தாள். “அப்படின்னா பசிக்குது” என்றாள்.

இரண்டு தட்டு சாப்பிட்டாள். உனக்குச் சொல்ல வேண்டும் போலிருந்தது.

நன்றியுடன்,
வாயாடியின் அப்பா