பாலம் விழ முப்பது நாள்

ஜூன் 9, திங்கள்

இன்றும் மதியச் சாப்பாடு நூலகப் படிக்கட்டில்தான். உள்ளே சாப்பிடக் கூடாது என்பது விதி. படிக்கட்டு உள்ளேயா வெளியேயா என்று விதியில் இல்லை. நூலகர் பார்த்தும் பார்க்காத மாதிரி போனார்.

வகுப்பில் எனக்கு "முன்னுரை" என்று பெயர் வைத்திருக்கிறார்கள். எதைச் சொன்னாலும் முதலில் அதற்கொரு விளக்கம் கொடுத்துவிட்டுத்தான் ஆரம்பிக்கிறேனாம். "முன்னுரை வாயத் தெறக்குது, பெல் அடிக்கிற வரைக்கும் தூங்கலாம்" என்றாள் கடைசி பெஞ்சுக்காரி. நன்றாகத்தான் சொன்னாள். வேறு யாரையாவது சொல்லியிருந்தால் நானும் சிரித்திருப்பேன்.

மாலை ஆறு மணிக்கு அக்காவின் தோட்டத்துக்குப் போக முடியவில்லை. ஃபோனின் முதுகு உப்பிப்போய் மூடி பிளந்து நின்றது. வெடித்துவிடும் என்று அப்பா அதைப் பழைய துணியில் சுற்றிக் கடைக்கு எடுத்துப் போய்விட்டார்.

அக்கா இந்த வீட்டில் இல்லாமல் பதினான்கு மாதம். அம்மா இறந்த பிறகு எனக்குத் தலைபின்னி விட்டவள் அவள். அப்பா சேர்த்துவிட்ட கல்லூரியைப் பாதியில் விட்டு, வேறு ஊரில் வேலைக்குப் போகிறேன் என்றாள். "போனா போனதுதான்" என்றார் அப்பா. "நீங்களா கூப்பிட்டாத்தான் வருவேன்" என்றாள் அவள். ஃபோன் எண்ணைக்கூட மாற்றிக்கொண்டாள். இருவரும் சொன்ன சொல்லைக் காப்பாற்றிக்கொண்டிருக்கிறார்கள்.

என்னிடம் இருப்பது சிம் இல்லாத அவளுடைய பழைய ஃபோனும், அதிலுள்ள தோட்ட விளையாட்டும். விளையாட்டில் நான் வாயாடி, அவள் தூங்குமூஞ்சி. இரண்டும் அவள் வைத்த பெயர்கள். எங்கள் தோட்டங்களுக்கு நடுவில் ஒரு மரப்பாலம். அங்கே பேச முடியாது, எழுத முடியாது. பாலத்தைத் தாண்டிப் போய் அடுத்தவர் செடிக்குத் தண்ணீர் ஊற்றலாம். ஒரு நாளைக்கு ஒரு படச்சீட்டு வைத்துவிட்டு வரலாம். மொத்தம் ஆறு சீட்டுகள்: பூ, மழை, சிரிப்பு, தூக்கம், கேள்விக்குறி, வீடு. வீட்டுச் சீட்டை நாங்கள் இருவருமே தொட்டதில்லை.

கிளம்பும்போது சொன்னாள்: "உன் செடிக்குத் தண்ணி ஊத்தியிருந்தா நான் நல்லா இருக்கேன்னு அர்த்தம். அவ்வளவுதான். மூக்கத் தொடச்சுக்கோ."

ஜூன் 10, செவ்வாய்

அப்பா ரொம்ப சந்தோஷமாக வந்தார். "பேட்டரி மாத்தியாச்சு. கடைக்காரர் நல்ல மனுஷன், உள்ள கிடந்த குப்பையெல்லாம் துடைச்சு புதுசு மாதிரி ஆக்கிட்டாரு. நான் கேக்கவே இல்ல."

விளையாட்டை மறுபடி இறக்கித் திறந்தேன். வெறும் மண். ஒரு காரட் விதை. "வாருங்கள், புதிய தோட்டக்காரரே!"

அறுபத்தோராம் படியில் இருந்தேன். இப்போது ஒன்றாம் படி. பாலம் இல்லை. பக்கத்துத் தோட்டம் இருந்த இடத்தில் மூடுபனி.

ஜூன் 11, புதன்

சாப்பிடவில்லை. அப்பா "பரீட்சையா?" என்றார். ஆமாம் என்றேன்.

ஜூன் 14, சனி

தப்பு யாருடையது என்று இரண்டு நாளாக யோசிக்கிறேன். கடைக்காரர் நல்லது செய்தார். அப்பாவும் நல்லது செய்தார். மூன்று வருடமாக நான் "விருந்தினர்" என்ற பெயரிலேயே விளையாடியிருக்கிறேன். கணக்கோடு இணைக்க ஒரு மின்னஞ்சல் வேண்டும். வீட்டில் அது அப்பாவிடம் மட்டும்தான் உண்டு. அவருக்குத் தெரிய வேண்டாமே என்று "அப்புறம் பாத்துக்கலாம்" என்றாள் அக்கா. அந்த அப்புறம் வரவேயில்லை. என் தோட்டத்திலேயே நான் விருந்தாளியாக இருந்திருக்கிறேன்.

கடைசி பெஞ்சுக்காரியும் இதே விளையாட்டை விளையாடுகிறாள் என்று தெரிந்து வெள்ளிக்கிழமை கேட்டேன். பெரிய நிபுணர் மாதிரி சொன்னாள்: "பத்தாவது படி ஏறு. பழசெல்லாம் தானா வந்துடும்." இன்று காலையிலிருந்து காரட் நட்டேன், பிடுங்கினேன், நட்டேன், பிடுங்கினேன். நான்கு மணிக்குப் பத்தாவது படி.

ஒரு வேலி கொடுத்தார்கள். வேறொன்றும் வரவில்லை.

ஜூன் 16, திங்கள்

விளையாட்டின் விதிகளை முழுக்கப் படித்தேன். (வேறு யாராவது படித்திருப்பார்களா?) முப்பது நாளுக்குள் இரண்டு பேரில் ஒருவர் ஒருமுறைகூடத் தாண்டாமல் இருந்தாலும் பாலம் விழுந்துவிடும். விழுந்தால் மறுபடி கட்ட அடுத்தவருடைய ஃபோன் எண் வேண்டும். அக்காவின் எண் என்னிடம் இல்லை.

நான் கடைசியாகத் தாண்டியது ஜூன் எட்டு. அப்படியென்றால் ஜூலை எட்டு.

உதவிப் பிரிவுக்கு எழுதினேன். இரண்டு பக்கம் வந்தது. ஆனால் படிவத்தில் ஐந்நூறு எழுத்துக்குத்தான் இடம். முன்னுரையை வெட்டினேன். வெட்டிய பிறகு பார்த்தால், அக்காவைப் பற்றி இருந்தது அத்தனையும் அதில்தான் இருந்தது.

ஜூன் 20, வெள்ளி

பதில் வந்தது. "தங்களுக்கு ஏற்பட்ட சிரமத்திற்கு வருந்துகிறோம்." பிறகு கேள்விகள். தோட்டத்தின் பெயர், தொடங்கிய தேதி, கடைசிப் படி, ஃபோனின் வகை. விருந்தினர் தோட்டம் என்பதால் இவை மட்டும் போதாதாம். விளையாட்டுக்குள் எப்போதாவது ஏதாவது வாங்கியிருந்தால் அதன் ரசீது எண் கட்டாயம்.

நானா? வாங்குவதா?

ஜூன் 22, ஞாயிறு

பழைய நாட்குறிப்புகளை எல்லாம் கட்டிலில் பரப்பினேன். மூன்று நோட்டு. தொடங்கிய தேதி முதல் நோட்டிலேயே கிடைத்தது. எனக்கு அம்மை போட்டிருந்தபோது, "சொறியாம இருக்கக் கைக்கு ஒரு வேலை" என்று அக்கா ஃபோனைக் கொடுத்த நாள் அது.

இரண்டாவது நோட்டில் இது:

"அக்கா எனக்கு நீலக் கிணறு வாங்கித் தந்தாள். அப்பாவின் கார்டில். கேட்காமல் வாங்கினாள் என்று அப்பா இரண்டு நாள் அவளோடு பேசவில்லை. மூன்றாவது நாள் சாப்பிடும்போது, 'கிணத்துல தண்ணி வருதா?' என்று கேட்டார். அக்காவுக்குப் புரையேறிவிட்டது."

படித்துச் சிரித்தேன். சிரிப்பு இந்த அறையில் கொஞ்சம் அதிகமாகக் கேட்டது.

ரசீது அப்பாவின் மின்னஞ்சலில் இருக்கும்.

ஜூன் 23, திங்கள்

கேட்கவில்லை.

ஜூன் 25, புதன்

கேட்கவில்லை. "அப்பா" என்று கூப்பிட்டேன். "என்னம்மா?" என்றார். ஃபேனை அணைக்கவா என்றேன்.

ஜூன் 27, வெள்ளி

கேட்டுவிட்டேன். நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன்.

அப்பா கூடத்தில் நாளைக்கான பையை அடுக்கிக்கொண்டிருந்தார். அவர் லிஃப்ட் மெக்கானிக். ஆட்கள் வருவதற்குள் லிஃப்டைப் பார்த்து முடிக்க வேண்டும் என்பதால் காலை ஐந்தரைக்கே கிளம்பிவிடுவார். ரசீது வேண்டும் என்றேன்.

"விளையாட்டுக்கா ரெண்டு வாரமா இந்த மூஞ்சி? நான் என்னமோ ஏதோன்னு உங்க டீச்சருக்கு ஃபோன் போடலாமான்னு பாத்தேன்."

"விளையாட்டு இல்லப்பா."

"பின்ன?"

எப்போதும் போல ஆரம்பத்திலிருந்து விளக்க நினைத்தேன். வாய் வரவில்லை. நேராக வந்துவிட்டது.

"அதுல அக்கா இருக்கா."

ஸ்பேனர் கையிலேயே நின்றது.

"தினமும் வந்து என் செடிக்குத் தண்ணி ஊத்துவா. அத வெச்சுத்தான் அவ நல்லா இருக்கான்னு எனக்குத் தெரியும். இப்ப தெரியல."

"பதினாலு மாசமாவா?"

அவரும் எண்ணிக்கொண்டிருந்திருக்கிறார்.

"ம்."

"எங்கிட்ட சொல்லவேயில்ல."

"நீங்க கேக்கவேயில்ல."

சொல்லியிருக்கக் கூடாதோ? அவர் அடுக்கிய பையைக் கவிழ்த்து மறுபடி முதலிலிருந்து அடுக்கினார். நான் வந்து படுத்துவிட்டேன்.

ஜூன் 28, சனி

எழுந்தபோது அப்பா போய்விட்டிருந்தார். கூடத்து மேஜையில், என் ஃபோன் எப்போதும் சார்ஜ் ஏறும் இடத்தில், ஒரு தாள். ரசீது எண். லிஃப்டின் எண்ணை எழுதுவது போல மூன்று மூன்றாகப் பிரித்துப் பெரிதாக எழுதியிருந்தார். கீழே: "நடுவில் இருப்பது பூஜ்யம், எழுத்து இல்லை. பார்த்துப் போடு."

பார்த்துப் போட்டேன். நான்கு முறை பார்த்தேன்.

ஜூலை 1, செவ்வாய்

"தங்கள் கோரிக்கை பரிசீலனையில் உள்ளது."

ஜூலை 3, வியாழன்

பரிசீலனையில் உள்ளது. கடைசி பெஞ்சுக்காரி "வேலி அழகா இருக்கா?" என்றாள். இருக்கிறது என்றேன். இன்னும் ஐந்து நாள்.

ஜூலை 5, சனி

வந்துவிட்டது.

அறுபத்தொன்று. நீலக் கிணறு. பாலம் சாய்ந்திருந்தது, ஆனால் நின்றது.

என் செடி ஒன்றுகூடக் காயவில்லை. நான் இல்லாத இத்தனை நாளும் அவள் வந்திருக்கிறாள். சீட்டுகள் வரிசையாக இருந்தன. முதலில் ஒரு பூ. ஒரு சிரிப்பு. பிறகு கேள்விக்குறி. பிறகு எல்லாமே கேள்விக்குறி.

நான் அவள் நல்லா இருக்கிறாளா என்று அழுதுகொண்டிருந்தேன். அவளும் அங்கே அதையேதான் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறாள்.

நான் போட்ட சத்தம் கேட்டு அப்பா கண்ணாடியைத் தேடி எடுத்து மாட்டிக்கொண்டு வந்தார்.

"அவ தோட்டம் எது?"

பாலத்தைத் தாண்டிக் காட்டினேன். தண்ணீர் ஊற்றினேன். இந்த விரலால் இப்படி இழுக்க வேண்டும் என்றேன்.

"இவ்வளவு ஒழுங்காவா வெச்சிருக்கா? வீட்ல ஒரு தொட்டிச் செடிய உயிரோட விட்டதில்ல."

"மாறிட்டாப்பா."

"இது என்ன, கொக்கி கொக்கியா?"

"கேள்விக்குறி. நான் என்ன ஆனேன்னு கேட்டிருக்கா."

ஒவ்வொன்றாக விரல் வைத்து எண்ணினார். இருபத்துநான்கு. மற்ற சீட்டுகளும் என்னென்ன என்று கேட்டார். வரிசையாகக் காட்டினேன். கடைசிச் சீட்டைப் பார்த்துவிட்டு, "சரி, படி" என்று போய்விட்டார்.

கணக்கை இன்றே அவருடைய மின்னஞ்சலோடு இணைத்தேன். கடவுச்சொல்லை அவரே போட்டார்.

ஜூலை 6, ஞாயிறு

நேற்று நான் பூ வைத்திருந்தேன். இன்று அவள் சிரிப்பு வைத்திருக்கிறாள். இனி எல்லாம் பழையபடி என்று எழுதப் போனேன். பழையபடி என்றால் மாலை ஆறு மணிக்கு ஐந்து நிமிடம். மீதி நேரம் இந்த வீடு, நான், அப்பாவின் செருப்புச் சத்தம்.

ஜூலை 9, புதன்

இன்று படிக்கட்டில் சாப்பிடும்போது கடைசி பெஞ்சுக்காரி டப்பாவோடு வந்து இரண்டு படி தள்ளி உட்கார்ந்தாள். "பத்தாவது படின்னு சும்மாதான் சொன்னேன்" என்றாள். தெரியும் என்றேன். டப்பாவைத் திறந்து சாப்பிட ஆரம்பித்தாள்.

ஆறு மணிக்கு அக்காவின் தோட்டத்துக்குப் போனேன். செடிகள் ஏற்கெனவே நனைந்திருந்தன. பூவை எடுத்து வைத்தேன், ஏற்கவில்லை. "இன்றைய சீட்டை நீங்கள் வைத்துவிட்டீர்கள்" என்றது.

நான் வைக்கவில்லையே.

வருகைப் பதிவைத் திறந்தேன். "வாயாடி, காலை 5.12. தண்ணீர் ஊற்றினார். சீட்டு: வீடு."

காலை 5.12-க்கு நான் தூங்கிக்கொண்டிருந்தேன்.

அப்பா சாப்பிட வந்தபோது நான் ஒன்றும் கேட்கவில்லை. அவர் குழம்பு நன்றாக இருக்கிறது என்று இரண்டு முறை சொன்னார். அது நேற்றைய குழம்பு.

ஃபோனைச் சார்ஜில் போட்டுவிட்டேன். அவருடைய கண்ணாடியை எங்கோ வைத்திருந்தார். தேடி எடுத்து, துடைத்து, ஃபோனுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு வந்து இதை எழுதுகிறேன்.