பாப்பாவின் கையை முறித்த கணக்கு

அன்பு மகனுக்கு, அப்பா எழுதுவது. நீயும் மருமகளும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்க வேண்டும். இங்கே எல்லோரும் நலம் என்று இந்தத் தடவை எழுத முடியவில்லை, உயிரோடு இருக்கிறோம், அது போதும். போனில் சொல்ல ஆரம்பித்தால் அம்மா பிடுங்கிக்கொண்டு அழுவாள், அதனால் எழுதிப் படம் பிடித்து அனுப்புகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை உன் தங்கை வீட்டில் மாப்பிள்ளை பாப்பாவுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்க உட்கார்ந்திருக்கிறார். மைனஸ் 0.4-ஐ மைனஸ் 0.3-ஆல் பெருக்க வேண்டும், கால்குலேட்டர் கூடாது. பாப்பா மைனஸ் 1.2 என்று எழுதிவிட்டாள். தப்புதான், நான் இல்லை என்று சொல்லவில்லை. நாலு மூணு பன்னிரண்டு, புள்ளிக்குப் பின்னால் இரண்டு இலக்கம் வரவேண்டும், ஆக 0.12, இரண்டு மைனஸும் பெருக்கினால் பிளஸ். "ரெண்டு மைனஸப் பெருக்குனா என்னடி வரும்" என்று கேட்டு ஸ்கேலால் விளாசியிருக்கிறார். பயத்தில் குழந்தை மறுபடியும் மைனஸ் என்றிருக்கிறது, மறுபடியும் அடி. ஸ்கேல் உடைந்ததும் பென்சில் பிடித்த கையை முறுக்கிச் சுவரோடு மோதியிருக்கிறார். எலும்பு முறிந்த சத்தம் சமையலறை வரைக்கும் கேட்டது என்கிறாள் உன் தங்கை. கரப்பான்பூச்சியை அடிக்கக்கூட ஆள் தேடுகிறவள், குக்கர் மூடியோடு ஓடிவந்து நெற்றியில் போட்ட போட்டில் மனுஷன் மேசையோடு சாய்ந்தாராம். அப்படியே குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டு இங்கே வந்துவிட்டாள்.

மறுநாள் காலையில் தையல் போட்ட நெற்றியோடு வந்து கதவை உதைத்தார், ஜன்னல் கண்ணாடியை நொறுக்கினார், "எம் பொண்ண அனுப்புறியா, வீட்டக் கொளுத்தட்டுமா" என்று கத்தினார். நான் வண்டியிலிருந்த ஜாக்கிக் கம்பியை எடுத்து ஓங்கிவிட்டேன். மண்டையைப் பிளந்திருப்பேன், பொய் சொல்லவில்லை. திரும்பினால் வாசற்படியில் பாப்பா, கட்டுப்போட்ட கையைத் தலைக்குமேல் வைத்துக்கொண்டு ஒடுங்கி நிற்கிறாள், என்னைப் பார்த்து. கம்பி தானாகக் கீழே விழுந்தது. அதற்குள் பக்கத்து வீட்டுத் தையல்காரம்மா போலீசுக்குச் சொல்லி, அவர்கள் வந்து அவரை இழுத்துக்கொண்டு போனார்கள். உன் தங்கை புகார் எழுதிக் கொடுத்துவிட்டாள்.

அவருடைய அண்ணன் உனக்குப் பேசுவார். ஒரு கணக்குக்காகக் குடும்பத்தைக் கெடுத்துக்கலாமா, புகாரை வாபஸ் வாங்கச் சொல்லு என்பார். மாப்பிள்ளை உன் சிநேகிதன், நீ பார்த்துச் சொன்ன சம்பந்தம், உனக்குச் சங்கடம்தான். ஆனாலும் "பார்க்கலாம்" என்றுகூடச் சொல்லிவிடாதே.

இன்றைக்குப் பாப்பா இடது கையால் மைனஸ் 2.5-ஐ 0.6-ஆல் பெருக்கிக்கொண்டிருந்தாள். மைனஸ் 15 என்று எழுதிவிட்டு, நோட்டைப் பார்க்காமல் என் கையைப் பார்த்தாள். நான் இரண்டு கையையும் தொடைக்கு அடியில் கொடுத்து அதன்மேல் உட்கார்ந்துகொண்டேன். ரொம்ப நேரம் பார்த்தாள். அப்புறம்தான் குனிந்து, ஒன்றுக்கும் ஐந்துக்கும் நடுவில் ஒரு புள்ளி வைத்தாள்.

நீங்கள் இரண்டு பேரும் ஒருத்தருக்கொருத்தர் ஆதரவாய் நல்லபடி இருங்கள், அதுதான் என் ஆசீர்வாதம். தங்கைக்கு இன்றைக்கே போன் பண்ணு, புத்தி சொல்லாதே, சும்மா பேசு.

உன் அப்பா