ஓரம் தைத்த கிழிசல்

ரூனுவின் அம்மாவுக்கு,

சூரத்திலிருந்து கைவல்யன். நீயும் பிள்ளையும் சௌக்கியமா? வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன்: நீ போட்ட ஜீவனாம்ச வழக்கில் வருமானமில்லாதவனாகத் தெரிய, கோர்ட்டுக்குப் போட்டு வந்த சட்டையை நானேதான் கத்தரித்தேன். ஆனால் தையற்காரன் கை சும்மா இருக்குமா?

“வேலையே இல்லங்கிற. இந்தக் கிழிசலுக்கு ஓரம் மடிச்சுத் தைச்சது யாருப்பா?” என்றார் ஜட்ஜம்மா.

“அவரேதாம்மா. நூல் பிரிஞ்சிருந்தா அவருக்குத் தூக்கம் வராது” என்று காட்டிக்கொடுத்தாய். கோர்ட்டே சிரித்தது, நீயும்தான். ஒரு வருஷத்துக்குப் பிறகு அன்றுதான் உன் சிரிப்பைப் பார்த்தேன்.

தீர்ப்புப்படி நாலாயிரத்தை இன்று அனுப்பிவிட்டேன். மெஸ் சோறு இறங்கவில்லை. யாராவது இந்தப் பக்கம் வந்தால் உளுந்து வடகம் கொடுத்தனுப்பு. திட்டியாவது பதில் போடு. துணி குவிந்து கிடக்கிறது, எழுந்திருக்கிறேன்.

பி.கு.: எனக்கு வேலையில்லை என்று வாதாடிய வக்கீலின் கோட்டு, ஃபீஸுக்குப் பதிலாக நான் தைத்துக் கொடுத்தது.