கரண்ட் போகவில்லை, படமே அப்படித்தான்

அத்திப்பட்டு

அன்பு மருமகள் சுகிர்தாவுக்கு,

தாய்மாமன் ஆசீர்வாதம் எழுதுவது. மாதா புண்ணியத்தில் நானும் உன் அம்மா விக்டோரியாவும் நன்றாக இருக்கிறோம். கல்கத்தாவில் நீயும் உன் கேமராவும் ஒரு தும்மல்கூட இல்லாமல் இருக்க வேண்டும் என்று தினமும் ஜெபத்தில் சொல்லி வைத்திருக்கிறேன். அந்தப் பெரிய கம்பெனி படத்தை ஒப்புக்கொள்வதா வேண்டாமா என்று அம்மாவைக் கேட்டிருந்தாயே, எல்லா முகமும் பளிச்சென்று தெரிய வேண்டும், இருட்டே கூடாது என்கிறார்களாமே. லைட்டுக்கு வழியில்லாமல்தான் நீ இருட்டில் எடுக்கிறாய் என்று நினைத்து, ஒப்புக்கொள் என்று அம்மாவும் நச்சரித்தாள். அவளுக்காகப் போய்விடுகிறேன் என்றாயாம். அவசரப்படாதே, முழுசாகப் படி.

போன ஞாயிறு நம் சர்ச் ஹாலில் திரை கட்டி உன் படத்தைப் போட்டேன். ஐந்நூறு பேருக்குக் குறையாது, உட்கார்ந்தவர்களை மட்டும் சொல்கிறேன். முதலில் மைக்கைப் பிடித்து, என் மருமகள் லைட்டே போடமாட்டாள், ஜன்னல் வெயில், அடுப்புத் தீ, தெருவிளக்கு, இதை வைத்தே மூன்று படம் முடித்துவிட்டாள், வெள்ளைக்காரனே வந்து பாடம் கேட்டுப் போகிறான் என்று விளக்கினேன். பங்குச் சாமியாரே அசந்துவிட்டார். அப்புறம் கிழவி ஒருத்தி அடுப்புத் தீ முன்னால் உட்கார்ந்து அழுகிற அந்த அடுப்படிக் காட்சி வந்ததும்தான் கூத்து. நம் ஆட்கள் எல்லாம் பவர் ஹவுஸ் வேலைக்காரர்களாயிற்றே, இருட்டைக் கண்டால் கை சும்மா இருக்குமா, பாதிப் பேர் எழுந்துவிட்டார்கள். எதிர்வீட்டு எட்வர்ட் டெஸ்டரோடு ஸ்விட்ச் போர்டுக்கே ஓடினான். ‘இன்னா மாமா, கரண்ட்ல ஒரு ஃபேஸ் போயிடுச்சா?’ என்று ஒருத்தன், ‘ஊருக்கெல்லாம் கரண்ட் குடுக்கறோம், நம்ம ஹாலுக்கு இல்லியா?’ என்று இன்னொருத்தன். நான் பதறவே இல்லை, சும்மா ஒயரை மட்டும் பிடித்து ஆட்டிப் பார்த்தேன். அப்போது உன் அம்மா எழுந்து போட்டாள் பார் ஒரு சத்தம், ‘எல்லாம் உக்காருங்கடா! கரண்ட் எங்கியும் போவல. எம்பொண்ணு எடுத்ததே அப்டிதான்!’ எட்வர்ட் டெஸ்டரோடு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான். அந்தக் கிழவியின் பாதிக் கன்னத்தில் மட்டும் தீ வெளிச்சம் ஆடியதை ஊரே கழுத்தை நீட்டிப் பார்த்தது. வீட்டுக்கு வந்து எனக்குக் குழம்பு ஊற்றும்போது அம்மா சொன்னாள், ‘பளிச்சுனு காட்டியிருந்தா அந்தம்மா அழுவறத நான் பார்த்திருக்க மாட்டேண்ணே, வெக்கப்பட்டுத் தலையைக் குனிஞ்சிருப்பேன். இருட்டா இருக்கவேதான் கூடவே உக்காந்துகினு இருந்தேன். எனக்காக அவ அந்தப் படத்துக்குப் போவ வேணாம்.’

வேளைக்குச் சாப்பிடு, கேமராவைத் தூக்கும்போது முதுகைப் பார்த்துக்கொள். மாதா உன் கண்ணையும் கையையும் காப்பாற்றட்டும். முக்கியமான ஒன்று, குழம்பு ஊற்றும்போது சொன்னதை வருகிற ஞாயிறு பூசை முடிந்ததும் அம்மாவே போன் போட்டுச் சொல்லப்போகிறாள், நான் முந்திக்கொண்டு வாயைத் திறக்கக் கூடாது என்று சத்தியம் வாங்கியிருக்கிறாள், அதனால்தான் இந்த ஸ்பீடு போஸ்ட். ஒன்றுமே தெரியாதவளாக, முழுசாகச் சொல்லவிட்டுக் கேள். அழுகை வந்தால் வரட்டும், அவளும் அழத்தான் போகிறாள்.

என்றும் உன் நலம் விரும்பும் மாமா,
மு. ஆசீர்வாதம்,
அத்திப்பட்டு திரைப்பட விழாத் தலைவர்